எண்ணெய்க் குளியல் இலவசம்

ஆட்டோவில் கட்டியிருந்த ஒலிபெருக்கி அந்த வரியைச் சொன்னதும், புதுக் கிளையின் வாசலில் நின்ற பெண்கள் தலை குனிந்துகொண்டார்கள்.

‘முதியோருக்கு வாரம் ஒருமுறை எண்ணெய்க் குளியல், குடிக்க இளநீர். முற்றிலும் இலவசம். உடனே அழையுங்கள்.’

“எப்படிங்க மேடம்? கோயம்புத்தூர்ல இதுக்குன்னே வந்து சேர்றாங்க” என்றார் மோகன்ராஜ். தலைமை அலுவலகத்திலிருந்து ஒலிநாடாவைக் கையோடு கொண்டுவந்தவர்.

சண்முகவள்ளி சிரித்துவைத்தாள்.

அந்தக் கோயம்புத்தூர் முதியோர் பராமரிப்பு நிறுவனத்தின் பெயரைப் பயன்படுத்தும் உரிமையை வாங்கி, இராமநாதபுரத்தில் ஒற்றை அறையில் கிளை தொடங்கியவள் அவள். பிள்ளைகள் சிங்கப்பூரிலும் சவூதியிலும் இருக்க, தனியே கிடந்த பெரியவர்களுக்குக் கஞ்சி கொடுக்கவும் துணி மாற்றவும் ஆள் அனுப்பினாள். தொழில் பிடித்துக்கொண்டது. இன்று திருவாடானையில் இரண்டாவது கிளை. அடுத்து தொண்டி என்று மோகன்ராஜ் வாக்குக் கொடுத்திருந்தார்.

அவளிடம் முதன்முதலாக வேலைக்குச் சேர்ந்த பூமயில் பக்கத்தில் வந்து நின்றாள்.

“அக்கா, இதப் போயி ஊர் ஊராச் சொல்ல விடுறீகளே. சனம் என்னன்னு நெனைக்கும்?”

“சும்மா இருடி.”

“அந்தாளு கோயம்புத்தூரு. அவருக்குத் தெரியாது. ஒங்களுக்குமா தெரியாது?”

தெரியும். படுக்கையில் இழுத்துக்கொண்டு கிடக்கும் பெரியவர்களுக்கு இந்தப் பக்கத்துச் சில வீடுகளில் எண்ணெய் வைத்துத் தலைக்கு ஊற்றி இளநீர் கொடுத்தால், அது குளியல் இல்லை. அனுப்பிவைப்பது. காய்ச்சல் கண்டு இரண்டொரு நாளில் மூச்சு அடங்கிவிடும். யாரும் அதைக் கொலை என்று சொல்வதில்லை. யாரும் எதுவும் சொல்வதில்லை.

மோகன்ராஜிடம் சொல்லிவிடலாம் என்று வாயெடுத்தாள். சொன்னால் முகம் சுளிப்பார். இப்படிப்பட்ட ஊரில் எதற்குக் கிளை என்பார். தொண்டி கைவிட்டுப் போகும். அதற்கெல்லாம் மேலே, உங்களுக்கு எப்படித் தெரியும் என்று கேட்பார்.

ஒரு வரிதானே. யார் காதில் விழப்போகிறது.

ஆட்டோக்காரர் அவள் முகத்தைப் பார்த்தார். போகச் சொல்லித் தலையசைத்தாள்.

குத்துவிளக்கு ஏற்றி, கேசரி கொடுத்து முடிப்பதற்குள் போன் அடித்தது. பிறகு அடித்துக்கொண்டே இருந்தது.

மோகன்ராஜுக்கு வாயெல்லாம் பல். “முதல் நாளே எந்தக் கிளைக்கும் இப்படி வந்ததில்லீங்க மேடம்!”

கூப்பிட்டவர்கள் மாதத்துக்கு எவ்வளவு என்று கேட்கவில்லை. வருகிறவள் எந்த ஊர், யார் வீட்டுப் பெண் என்று துருவவில்லை. சிலர் அவள் குரலைக் கேட்டதுமே வைத்துவிட்டார்கள்.

ஒருத்தி மட்டும் வைக்கவில்லை.

“அக்கா, ஒரு நாளைக்கு மட்டும் ஆள் அனுப்புவீகளா?” கிசுகிசுத்த குரல். பின்னால் யாரோ விடாமல் இருமிக்கொண்டிருந்தார்கள்.

“அப்படி அனுப்புறதில்லம்மா. கொறஞ்சது ஒரு மாசம்.”

“மாசக் காசையே கட்டிர்றோம். ஆளு ஒரு நாள் வந்தாப் போதும்.”

அது அந்தக் குளியல் இல்லையம்மா என்ற வார்த்தை நாக்கு நுனி வரைக்கும் வந்தது. எதிரே நாற்காலியில் மோகன்ராஜ் கட்டைவிரலை உயர்த்திக் காட்டினார்.

அந்தப் பெண் அழ ஆரம்பித்திருந்தாள்.

“எங்க அத்தைய நாந்தான் தூக்குறேன், நாந்தான் ஊட்டுறேன். என் கையால அத மட்டும் ஏலலக்கா. நாங்க செஞ்சா பாவம். ஒங்காளு செஞ்சா அது வேலதான?”

சண்முகவள்ளி போனை மறு காதுக்கு மாற்றிக்கொண்டாள்.

“எந்த ஊரு?” என்று கேட்டாள்.

போய்த் தடுப்பதற்காகத்தான் ஊரைக் கேட்டோம் என்று பிற்பாடு எத்தனையோ நாள் தனக்குத்தானே சொல்லிப் பார்த்தாள். அந்தச் சமாதானம் நிற்கவில்லை.

ஏனென்றால் அதே மூச்சில், “விடியிறதுக்கு முன்னால ஆளு அங்கன இருக்கணும்ல?” என்றும் கேட்டிருந்தாள்.

நேரத்தைப் பற்றி அந்தப் பெண் ஒரு வார்த்தைகூடப் பேசியிருக்கவில்லை.