சந்தில் படர்ந்த வல்லாரை

முடிச்சூரில் புஷ்பம் டீச்சர் வீட்டுக்கும் பக்கத்து ஃபிளாட்டுக்கும் நடுவே, வெயில் விழாத சந்தில் வல்லாரை தரையோடு படர்ந்து கிடக்கிறது. இலைகளின் ஓரம் மஞ்சளாகச் சுருண்டிருக்கிறது. டீச்சர் மக்கில் தண்ணீர் ஊற்றுகிறார். மண் உடனே குடித்துவிடுகிறது. நாளெல்லாம் சொட்டிக்கொண்டிருந்த தண்ணீரின் ஈரம் இதில் வருமா? மேலே, அந்த ஃபிளாட்டில் சித்திகா வீட்டு ஏசியிலிருந்து சந்தில் சொட்டிய பைப் இப்போது தெருப்பக்கம் திரும்பியிருக்கிறது. ஒரு வருஷம் சண்டை போட்டு, போன வாரம்தான் டீச்சர் அதை மாற்ற வைத்தார். துவைத்த துணியோடு சித்திகா பால்கனிக்கு வருகிறாள். கீழே டீச்சரைப் பார்த்ததும் முகம் இறுகுகிறது. "இப்ப என்ன டீச்சர்? ஒரு சொட்டுகூட விழலையே." "அதான் சித்திகா..." வாடிய இலை ஒன்றைக் கிள்ளி, உயர்த்திக் காட்டுகிறார் டீச்சர். துணியைப் பிழியப்போன சித்திகாவின் கை நின்றுவிடுகிறது. துணியிலிருந்து தண்ணீர் ஒவ்வொரு சொட்டாக வல்லாரை மேல் விழுகிறது. அவள் பிழியாமல் அப்படியே சொட்ட விடுகிறாள், டீச்சர் திட்டவில்லை.