சாக்கடையோரக் குமிழிகள்

"சாக்கடையை வேடிக்கை பார்க்கிறதுக்கா நர்ஸுக்குப் படிச்சே?"

சலவைக்கடை முதலாளியம்மா பின்கதவைத் திறந்து கத்தினாள். சந்தில் நின்றிருந்த நர்ஸ் சிரித்தாள். தினமும் வாங்குகிற வசவுதான்.

அவளுக்குச் சொந்த ஊர் என்று ஒன்று கிடையாது. எந்த ஆஸ்பத்திரியில் ஆள் குறைகிறதோ, அங்கே அனுப்பிவிடுவார்கள். பெட்டியைப் பிரிப்பதற்குள் கட்ட வேண்டிவரும். அதனால் போகிற ஊரிலெல்லாம் அழகான ஏதோ ஒன்றைத் தேடிப் பிடித்துக்கொள்வாள். பார்க்கும்போதே கலைந்துபோகிற அழகுதான் அவளுக்குச் சரிப்படும். கூடவே தூக்கிக்கொண்டு அலைய வேண்டாமே!

இந்த ஊரில் அது சலவைக்கடைச் சந்தில் கிடைத்தது. சாயங்காலம் டியூட்டி முடிந்து வரும்போது, மெஷின் தண்ணீர் குழாய் வழியே சாக்கடையில் கொட்டும். நுரை பொங்கும். குமிழிகள் கிளம்பி, சாய்ந்த வெயிலில் நிறம் நிறமாக மின்னி, எதிர்ச்சுவரில் பட்டு உடையும். அவ்வளவுதான். அதற்கே அவள் மனசு நிறைந்துவிடும்.

"வழியை அடைச்சுக்கிட்டு நிக்காதே!" கதவு படாரென்று சாத்திக்கொண்டது.

ஜன்னலில் இஸ்திரிக்காரர் தலை தெரிந்தது. "அவங்க வாய் அப்படித்தான். மனசுல வச்சுக்காதேம்மா."

"இனிமே திட்ட ஆள் இருக்காது அண்ணே. ஊரைவிட்டுப் போறேன். இன்னும் ஒரு வருஷம் இருக்கச் சொல்லி ஆஸ்பத்திரியில கேக்கறாங்க. வேணாம்னு சொல்லிடப் போறேன்."

"ஏம்மா?"

"வந்தேனா, போனேனான்னு கேக்க எனக்கு இங்க யார் இருக்கா?" சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். கண் கலங்கிவிட்டது.

குழாயில் தண்ணீர் கொட்டியது. சந்து முழுக்கக் குமிழிகள்.

"இன்னிக்குத் துணி ரொம்ப ஜாஸ்தியோ?" என்றாள், கண்ணைத் துடைத்துக்கொண்டே.

இஸ்திரிக்காரர் உள்பக்கம் ஒருமுறை திரும்பிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"நான் சொன்னேன்னு சொல்லிடாதே. துணியெல்லாம் மத்தியானமே முடிஞ்சாச்சு. நீ வந்து நிக்க ஆரம்பிச்சதுலேர்ந்துதான் இந்தக் கூத்து. நீ வர்ற நேரம் பார்த்து, முதலாளியம்மா சோப்புப் பொடியை அள்ளிக் கொட்டி, வெறும் மெஷினை ஓட்டறாங்க. கொஞ்சம் லேட்டானா போதும், 'எங்கே காணோம் அவளை'ன்னு என் உயிரை எடுத்துடறாங்க."

உள்ளேயிருந்து சத்தம் வந்தது. "நாளைக்கும் வந்து நில்லு, அப்புறம் இருக்கு உனக்கு!"

"அடுத்த வருஷமும் வந்து நிப்பேன் அக்கா!"