ஓத்ரன் கட்சி

இரண்டு சூரியன்களும் ஏறிவிட்டன. வாதக்களத்து வெள்ளை மணலில் ஆளுக்கு இரண்டு நிழல்கள், ஒன்று கறுப்பு, மற்றது செம்பு நிறம். வறுத்த விதைகளைக் கொறித்தபடி நாங்கள் சுற்றி உட்கார்ந்திருக்கிறோம். நிழல் இரண்டென்றால் ஒருவருக்குள் உயிரும் இரண்டு என்பவள் மிர்வே. ஒன்றுதான் என்று முப்பது வருஷமாக அவளோடு மல்லுக்கு நிற்பவர் ஓத்ரன். போன குளிர்காலத்தில் அவருக்கு வாய் இழுத்துக்கொண்டது, பேச்சில்லை. எங்கள் முறைப்படி, எதிராளியின் வாதத்தை முதலில் அவர் மெச்சும்படி நாம் சொல்ல வேண்டும். மெச்சினால் கையிலிருக்கும் கூழாங்கல்லைக் கீழே போடுவார். பிறகுதான் மறுக்கலாம், மறுக்க முடியாதவர் தன் கட்சியை விட்டுவிட வேண்டும். “உடம்பு ஒண்ணு, அதனால உயிரும் ஒண்ணு. போதுமா?” என்கிறாள் மிர்வே. ஓத்ரன் இல்லை என்று தலையாட்டுகிறார். கல் அவர் விரல்களுக்குள் இறுகுகிறது. “வாய் போனாலும் வம்பு போகல பாரு!” என்று பின்னாலிருந்து ஒரு குரல் எழ, எல்லோரும் சிரிக்கிறோம். மிர்வே சிரிக்கவில்லை. அவருடைய கோணிய உதட்டில் வழியும் எச்சிலைத் தன் சால்வை நுனியால் துடைக்கிறாள். குனிந்த தலை நிமிராமலே, “உனக்குப் பேச்சு போச்சுன்னு கேட்ட அன்னிக்கு, எனக்குள்ள ரெண்டு உயிர் இருந்திருந்தா ஒண்ணாவது தூங்கியிருக்கும். தூங்கலயே,” என்கிறாள். கல் மணலில் விழுகிறது. “ம், இப்ப மறுத்துச் சொல்லும்மா!” என்று கூட்டம் கத்துகிறது. “என்னத்த மறுக்க? என் கட்சிய விட்டுட்டேன்,” என்கிறாள் அவள். பிறகு அவர் தோளில் ஓங்கி ஓர் அடி வைக்கிறாள். “யோவ், வாய் இருந்தப்பவே இதைச் சொல்லித் தொலைச்சிருக்கலாம்ல?”