தள்ளிய பத்து நிமிடம்

ஜூன் ஐந்தாம் தேதி மாலை, ஆயத்த ஆடை ஆலையில் வேலை முடியும் சங்கு பத்து நிமிடம் முன்னதாகவே ஊதிவிட்டது.

மறுநாள் காலை மேனேஜர் ஒரு தையல்காரியைத் தன் அறைக்குக் கூப்பிட்டுக் கதவைத் தாழிட்டார்.

"கடிகாரத்துல கை வச்சது யாரு?"

"எனக்கென்ன சார் தெரியும்?"

கைக்கடிகாரம், போன் எல்லாவற்றையும் வாசலிலேயே வாங்கிக்கொண்டு, ஆலைக் கடிகாரத்தைத் தினமும் பத்து நிமிடம் பின்னுக்குத் தள்ளி வேலை வாங்குவது முதலாளியின் வழக்கம். அதை நைசாகச் சரிசெய்ய ஆலைக்குள் ஒரு ரகசியச் சங்கம் இருந்தது. உறுப்பினர் ஒருவரை ஒருவர் அறியக் கூடாது என்பது விதி. ஓய்வுபெற்ற மெக்கானிக் முந்தாநாள்தான் அந்தப் பொறுப்பை அவளிடம் ஒப்படைத்திருந்தார்.

"பூசி மெழுகாதம்மா. நீ ஸ்டூல் போட்டு ஏறினதை வாட்ச்மேன் பார்த்திருக்கான். முதலாளி உன் சீட்டைக் கிழிக்கச் சொல்லிட்டாரு."

வீட்டில் அவள் ஒருத்தி சம்பளம்தான். அழுகை முட்டியது.

"ஆமா சார், நான்தான். ஆனா பத்தே நிமிஷம்தான் முன்னால தள்ளினேன். சரியான நேரத்துக்குத்தான் ஊதியிருக்கணும். மேல பத்து எப்படி வந்துச்சுன்னு சத்தியமா தெரியல."

மேனேஜர் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார்.

"பாவி மனுஷன்! என்கிட்டயும்தான் ஒப்படைச்சுட்டுப் போனாரு. நான் மத்தியானமே தள்ளிட்டேனேம்மா!"

கடிகாரத்தில்தான் கோளாறு, அவள் ஸ்டூலில் ஏறியது தூசி துடைக்கத்தான் என்று மேனேஜர் முதலாளியிடம் சொல்லிவிட்டார். அன்றிலிருந்து ஒரு நாள் அவளும், மறுநாள் அவருமாகத் தள்ளுகிறார்கள்.