நான்தான் ஓடச் சொன்னேன்

“கண்ணு தெரியலைன்னா வீட்டுல உக்காரு வெர்லின்.”

பின்வரிசையிலிருந்து ஒருவர் கத்த, அரங்கம் முழுக்க அதையே பிடித்துக்கொண்டது. அயோவாவில் சின்ன ஊர், ஞாயிற்றுக்கிழமை மதியம், உள்ளூர் பேஸ்பால் அணி ஒரே ஒரு ரன்னில் தோற்றால் வேறெப்படி இருக்கும்?

கடைசிச் சுற்றில் உள்ளூர் ஆட்டக்காரன் டேரியன் மூன்றாம் பேஸைத் தாண்டி, தொட்டால் ரன் கிடைக்கும் ஹோமுக்குப் பாய்ந்தான். பந்து அவனுக்கு முன்பே வந்து காத்திருந்தது. பத்தடி தள்ளியே அவுட்.

மூன்றாம் பேஸ் பக்கத்தில் நிற்கும் கோச் கையைச் சுழற்றினால் ஓட வேண்டும், இரண்டு கையையும் தூக்கினால் நின்றுவிட வேண்டும். அதனால் அவுட்டானது டேரியன், திட்டு வாங்கியது கோச் வெர்லின்.

ஆட்டம் முடிந்ததும் உடை மாற்றும் அறைக்கு ஹோல்கம் வந்தார். இந்தச் சின்ன அணியை நடத்தும் பெரிய லீக் அணியின் அதிகாரி. யாரை மேலே ஏற்றுவது, யாரை வீட்டுக்கு அனுப்புவது என்பதெல்லாம் அவர் கையில்.

“அவனை யார் ஓடச் சொன்னது?”

“நான்தான் ஓடச் சொன்னேன்” என்றார் வெர்லின், தோளில் ஐஸ் கட்டிக்கொண்டே. “பந்து லேட்டா வரும்னு நெனச்சேன். தப்பாப் போச்சு.”

ஹோல்கம் தலையாட்டிவிட்டுப் போய்விட்டார்.

டேரியனுக்குத் தூக்கிவாரிப் போட்டது. வெர்லின் இரண்டு கையையும் தூக்கியதை அவன் கண்ணாலேயே பார்த்தான். ஹோல்கம் முன்னால் பெயர் வாங்கும் ஆசையில் மீறி ஓடியவன் அவன்தான். வயது இருபத்தாறு, மனைவிக்கு ஏழாம் மாதம், இந்த விளையாட்டை விட்டால் வேறு தொழிலும் தெரியாது. வெர்லின் சொன்ன பொய் அவன் வயிற்றில் பாலை வார்த்தது.

நன்றி சொல்லப் போனான்.

“நன்றியை நீயே வச்சுக்க. நாளைக்குக் காலையில எட்டு மணிக்கு வந்து பேஸைச் சுத்தி ஓடு. இனிமே என் கையைப் பாக்காம ஓடுன, காலை ஒடிச்சிருவேன்.”

வெர்லின் அப்படித்தான். பதினோரு வருஷம் சின்ன லீக்கில் ஆடி, இருபது வருஷம் அங்கேயே கோச்சாக இருந்து, பெரிய லீக்கில் ஒருநாள்கூட நிற்காத மனிதர். பையன்களுக்குப் பந்து போட்டுப் போட்டே தோளைத் தேய்த்துக்கொண்டவர். ஒரு ரன்னுக்காக அவரை யார் வெளியே அனுப்பப்போகிறார்கள் என்று டேரியன் மனசைத் தேற்றிக்கொண்டான்.

அழுக்கு உடைகளை அள்ளிக்கொண்டிருந்த அறைப் பணியாளர் லோனி நிமிர்ந்தார்.

“உனக்கு விஷயமே தெரியாதாடா? ஹோல்கம் உங்க யாரையும் பாக்க வரல. பெரிய அணியில மூணாம் பேஸ் கோச் எடம் காலி. வெர்லினைப் பாக்கத்தான் வந்தாரு.”

“அது கோச்சுக்குத் தெரியுமா?”

“நேத்தே தெரியும்.”

டேரியன் பெஞ்சிலேயே உட்கார்ந்துவிட்டான். மனைவி முகம் கண்ணுக்குள் வந்தது. பேசாமல் இருந்தால் பிழைப்பு ஓடும். ஆனால் குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்காமல் விடுமா? லேஸ்கூடக் கட்டாமல் வெளியே ஓடினான்.

கார்கள் எல்லாம் போய்விட்டிருந்தன, ஒன்றைத் தவிர. ஹோல்கம் கண்ணாடியை இறக்கினார்.

“சார், அவர் நிக்கத்தான் சொன்னாரு. நான்தான் மீறி ஓடினேன். என்னை வேணா அனுப்பிடுங்க, அவரை விட்டுடாதீங்க.”

ஹோல்கம் மைதானத்தின் பக்கம் கையைக் காட்டினார்.

“மூணாம் பேஸுக்கு நேர் பின்னாடிதான் நான் உக்காந்திருந்தேன். அவர் ரெண்டு கையும் மேல இருந்துச்சு. அவரைப் பத்தி அங்கேயே முடிவு பண்ணிட்டேன், அடுத்த வாரம் எங்களோட சேர்றாரு” என்றவர் சாவியைத் திருகினார்.

“நீ வந்து சொல்லுவியான்னு பாக்கத்தான் முக்கால் மணி நேரமா இங்கேயே உக்காந்திருக்கேன்.”