மச்சானிடம் லைசென்ஸ் கேட்பவர் உண்டா?

விபத்து இழப்பீட்டு வழக்கில் சாட்சிக் கூண்டில் நிற்கிறேன். தலைக்கு மேல் மின்விசிறி சுற்றுகிறது, ஆனாலும் சட்டை முதுகோடு ஒட்டிக்கொள்கிறது. என் வேனை ஓட்டிப்போய் இடித்தவன் என் மனைவியின் தம்பி. அவனுடைய லைசென்ஸ் போலி என்று பிறகுதான் தெரிந்தது. அதைப் பார்த்து நான் ஏமாந்திருந்தால் இழப்பீட்டைக் காப்பீட்டு நிறுவனம் கொடுக்கும்; பார்க்காமலே சாவியைக் கொடுத்திருந்தால் என் வீடு போகும். வீட்டை விற்றாலும் பாதிகூடத் தேறாது என்பது எதிரே ஊன்றுகோலோடு உட்கார்ந்திருக்கும் தையற்காரருக்கும் தெரியும். அந்த விபத்தில் கால் போனவர் அவர். நான் ஏமாந்திருக்க வேண்டும் என்று என்னைவிட அதிகமாக வேண்டிக்கொள்பவர் அவர்தான்.

“சாவி கொடுக்கும்போது லைசென்ஸைப் பார்த்தீங்களா?” என்று நிறுவனத்தின் வக்கீல் அன்பாகக் கேட்கிறார். மச்சானிடம் லைசென்ஸ் கேட்டுவிட்டு எந்த மனிதன் வீட்டில் நிம்மதியாகச் சாப்பிட்டிருக்கிறான்? ‘பார்த்தேன்னு சொல்லுங்க’ என்பதுபோல் தையற்காரர் மெல்லத் தலையை ஆட்டுகிறார். நான் வாயைத் திறக்கிறேன். பின்வரிசையில் நாற்காலி கிறீச்சிடுகிறது. எனக்காக உயிரையும் கொடுக்கக்கூடிய மச்சான் எழுந்துவிட்டான்.

“அத்தான் தங்கமான மனுஷன் சார்! என்கிட்டப் போய் அதையெல்லாம் கேட்டு ஒருநாளும் அசிங்கப்படுத்தினதே இல்ல!”

தையற்காரர் கண்களை மூடிக்கொள்கிறார். மச்சான் என்னைப் பார்த்துப் பெருமையாகச் சிரிக்கிறான். பழக்கதோஷம், நானும் சிரித்துத் தொலைக்கிறேன்.