வீட்டு நாடி

பத்தொன்பது வயதுக்குட்பட்ட இந்தியப் பெண்கள் கிரிக்கெட் அணியில் யார் சேர்ந்தாலும் வீட்டுக்கு ஒரு பட்டை வந்துவிடும். அதைக் கட்டியவரின் நாடித்துடிப்பு, மைதானத்தில் பிள்ளையின் மணிக்கட்டில் மெல்லத் தட்டும். அம்மாவின் துடிப்பு பட்டால் பிள்ளையின் பதற்றம் தணியும் என்பது வாரியத்தின் நம்பிக்கை. வாரியம் சங்கரன்கோவில் கோமதியைப் பார்த்ததில்லை.

அரையிறுதியின் கடைசி ஓவர். எதிரணிக்கு நான்கு ரன் தேவை, கையில் ஒரே விக்கெட். பந்துவீசுவது கோமதியின் மகள் இதழினி. டி.வி. முன் நின்ற கோமதிக்கு நெஞ்சு மிக்ஸி போல ஓடியது. திரையில் இதழினி மணிக்கட்டை உதறினாள். முதல் பந்து வைடு.

"நாந்தான் புள்ளைய கெடுக்கேன்" என்று கோமதி பட்டையைக் கழற்றினாள்.

மில்லில் இரவு ஷிப்ட் முடித்துவிட்டு வந்த கணவர் உள்ளே வாயைப் பிளந்து தூங்கிக்கொண்டிருந்தார். அவர் கையில் கட்டிவிட்டு ஓடிவந்தாள்.

இதழினி ஒரு கணம் நின்று மணிக்கட்டைப் பார்த்தாள். சிரித்தாள். அடுத்த பந்து யார்க்கர், ஸ்டம்ப் பறந்தது.

சாயங்காலம் போன் வந்தது.

"ஏம்மா, பட்டைய அப்பாவுக்கு மாட்டுனியா?"

"எப்படிட்டி கண்டுபிடிச்ச?"

"சின்னப்புள்ளைல அப்பா நெஞ்சு மேலதான தூங்குவேன்."

"ஞாயித்துக்கிழமை பைனலுக்கு அப்பா லீவு போட்டு முழிச்சிருந்து பாக்கணுங்காரு."

"வேண்டாம்மா. சனிக்கிழமை ராத்திரி ஷிப்டுக்கு அனுப்பிரு."